சாத்தானைப் பார்த்துப் பயந்தவன் பாடும் பாட்டு

1982இல் அமெரிக்காவின் சில ஊர்களில் மதக் குழுக்கள் ஒரு இசைத்தட்டைக் குவியலாகப் போட்டுக் கொளுத்தின. சிலர் கொளுத்துவதற்கே பயந்தார்களாம். எரிகிற பிளாஸ்டிக் புகையோடு பிசாசும் மூக்கு வழியாக உள்ளே போய்விடும் என்று சுத்தியலால் அடித்து நொறுக்கினார்கள் என்று சொல்வார்கள். அந்த இசைத்தட்டு, கிழக்கு லண்டனில் உருவான அயர்ன் மெய்டன் என்ற ஹெவி மெட்டல் குழுவின் மூன்றாவது ஆல்பம். பெயர் ‘த நம்பர் ஆஃப் த பீஸ்ட்’, அதாவது மிருகத்தின் எண். பைபிளின் கடைசிப் புத்தகமான வெளிப்படுத்தின விசேஷத்தில் வருகிற அதே மிருகம், அதே 666.

எதிர்ப்பு முழுவதும் ஆல்பத்தின் அட்டைப்படத்தையும் அதே பெயர் கொண்ட பாட்டையும் குறிவைத்தே எழுந்தது. ‘இவர்கள் சாத்தானைக் கும்பிடுகிறவர்கள், நம் பிள்ளைகளையும் கும்பிட வைக்கப் பார்க்கிறார்கள்’ என்பது குற்றச்சாட்டு. பாட்டை எழுதியவர் குழுவின் பாஸ் கிதார்காரர் ஸ்டீவ் ஹாரிஸ். அவர், இவர்கள் வரிகளைப் படிக்கவே இல்லை என்றுதான் அன்றைக்கும் சொன்னார், பின்னாலும் சொன்னார். அவர் சொன்னதில் நியாயம் இருக்கிறது. ஆனால் முழு நியாயமா என்பதற்குப் பாட்டைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்க்க வேண்டும்.

ஒருவன் தனியாக வெளியே வந்திருக்கிறான். தலைக்குள் எதுவும் ஓடவில்லை. அன்று ராத்திரி கண்ணால் பார்த்தது நிஜம்தானா, இல்லை தன் கோணல் புத்தி காட்டிய வேடிக்கையா என்று அவனுக்கே தெரியவில்லை. கனவில் எப்போதும் ஒரு முகம் வந்து அவனைப் பாடாய்ப்படுத்துகிறது. அப்புறம்தான் அந்த ராத்திரிக்குள் போகிறோம். மூடுபனிக்குள் கறுப்பு உருவங்கள் அசைகின்றன. தீப்பந்தங்கள், மந்திர ஓதல், வானத்தை நோக்கி உயர்ந்த கைகள். ஏதோ பலி நடக்கப்போகிறது. பார்த்தவன் என்ன செய்ய நினைக்கிறான் தெரியுமா? போலீசில் சொல்ல வேண்டும் என்கிறான். சாத்தான் புகழ் பாடுவதாகக் கொளுத்தப்பட்ட பாட்டின் நாயகன், நடப்பதைச் சட்டத்துக்குத் தெரிவிக்கத் துடிக்கிற ஒரு சராசரிக் குடிமகன்!

ஆனால் அவன் போலீசுக்குப் போகவில்லை. ஓதுகிற கூட்டத்தின் கண்கள் அவனை இழுக்கின்றன, கால் அந்தப் பக்கமே போகிறது. கடைசிச் சரணத்தில் குரல் மாறிவிடுகிறது. ‘நான் திரும்பி வருவேன், உன் உடம்பில் புகுவேன், உன்னை எரிப்பேன்’ என்று ஒன்று பேசுகிறது. அது மிருகமா, மிருகம் புகுந்த அவனேவா என்று பாட்டு சொல்வதில்லை. இரண்டையும் பாடுவது ஒரே தொண்டை. எதிர்த்தவர்களுக்குப் பிடிமானம் ஏதாவது கிடைத்திருந்தால் இந்த இடத்தில்தான் கிடைத்திருக்கும். பேய்க்கதையில் பேய் பேசினால் கதை எழுதியவர் பேய் என்று ஆகிவிடாது என்பது வேறு விஷயம்.

இந்தக் கதை ஹாரிஸுக்கு எங்கிருந்து வந்தது? மாந்திரீகப் புத்தகம் எதிலிருந்தும் இல்லை, ஒரு சினிமாவிலிருந்து. 1978இல் வந்த ‘டேமியன்: ஓமன் 2’ படத்தைப் பார்த்துவிட்டுத் தூங்கியவருக்குக் கெட்ட கனவு வந்தது. அந்தக் கனவுதான் பாட்டு. 1976இல் வந்த முதல் ‘ஓமன்’ படம் 666 என்ற எண்ணை உலகமெங்கும் தெருவுக்குத் தெரு கொண்டு போனது. அதில் டேமியன் சின்னக் குழந்தை. இரண்டாம் பாகத்தில் அவன் ராணுவப் பள்ளியில் படிக்கிற பையன். தான் யார் என்று அவனுக்கே தெரியாது. வெளிப்படுத்தின விசேஷத்தின் 13ஆம் அதிகாரத்தைப் படிக்கச் சொல்கிறார்கள். படித்துவிட்டுக் கண்ணாடி முன்னால் நின்று முடியை விலக்கிப் பார்க்கிறான். தலைத்தோலில் மூன்று ஆறுகள். அதே அதிகாரத்தின் 18ஆம் வசனம்தான் நான்கு ஆண்டுகள் கழித்து அயர்ன் மெய்டன் பாட்டின் முகப்பில் ஒலித்தது.

இன்னொரு மூலத்தையும் ஹாரிஸ் சொல்லியிருக்கிறார். ஸ்காட்லாந்துக் கவிஞர் ராபர்ட் பர்ன்ஸ் 1790இல் எழுதிய ‘டாம் ஓ ஷாண்டர்’ என்ற கதைப்பாட்டு. சந்தைக்கு வந்த டாம் கூட்டாளிகளோடு மூக்கு முட்டக் குடித்துவிட்டு, புயலும் மழையுமான ராத்திரியில் மெக் என்ற குதிரைமேல் வீட்டுக்குக் கிளம்புகிறான். வழியில் ஆலோவே ஊரின் பாழடைந்த தேவாலயத்தில் வெளிச்சம் தெரிகிறது. எட்டிப் பார்த்தால் சூனியக்காரிகள் ஆடிக்கொண்டிருக்கிறார்கள், பிசாசு உட்கார்ந்து பைப்பு வாசிக்கிறது. டாம் மறைந்திருந்து பார்க்கிறான். குட்டைப் பாவாடை கட்டிய ஒருத்தியின் ஆட்டத்தில் சொக்கிப்போய், வாயை மூடிக்கொண்டு இருக்க முடியாமல் ‘சபாஷ்’ என்று கத்திவிடுகிறான். அவ்வளவுதான், மொத்தக் கூட்டமும் துரத்துகிறது. டூன் ஆற்றுப் பாலத்தைத் தாண்டினால் சூனியக்காரிகளால் வர முடியாது. டாம் தப்பிக்கிறான், குதிரையின் வால் மட்டும் அவர்கள் கையோடு போகிறது.

இரண்டையும் பக்கத்தில் வைத்தால் எலும்புக்கூடு ஒன்றே என்று தெரியும். ராத்திரி, தனி ஆள், பார்க்கக் கூடாத சடங்கு, மறைந்திருந்து பார்த்தல், பார்த்ததில் மயங்குதல், அதற்கான விலை. பர்ன்ஸிடம் அது சிரிப்புக் கதை, ஒரு வாலோடு கணக்கு தீர்ந்துவிடுகிறது. ஹாரிஸின் ஆளுக்குப் பாலம் கிடையாது. இந்த ஒரு மாற்றத்தில்தான் பழைய கதைப்பாட்டு 1980களின் திகில் பாட்டாக ஆகிறது என்று எனக்குப் படுகிறது. ஆனால் இரண்டிலுமே பேசுகிற கோணம் பார்வையாளனுடையது. சடங்கு நடத்துகிறவன் அங்கே கதை சொல்வதே இல்லை.

அந்த எண்ணைப் பற்றியும் கொஞ்சம் சொல்ல வேண்டும். கிறிஸ்தவக் கன்வென்ஷன் கூட்டங்களில் 666 பிரசங்கம் கேட்டு வளர்ந்தவர்களுக்கு அது எதிர்காலத்தில் நெற்றியிலோ கையிலோ விழப்போகிற முத்திரை. வசனம் எழுதப்பட்ட முதல் நூற்றாண்டில் அது பெரும்பாலும் நிகழ்காலத்தைப் பற்றிய விடுகதை. ‘புத்தியுள்ளவன் கணக்குப் பார்க்கட்டும், அது ஒரு மனிதனுடைய எண்’ என்கிறது வசனம். எபிரேயத்தில் எழுத்துகளுக்கு எண் மதிப்பு உண்டு. நீரோ சீசர் என்ற பெயரை அதன் எழுத்துகளில் ‘நெரோன் கெசர்’ என்று எழுதிக் கூட்டினால் 50, 200, 6, 50, 100, 60, 200. மொத்தம் 666. கிறிஸ்தவர்களைக் கொன்ற ரோமப் பேரரசனின் பெயரை வெளிப்படையாக எழுதினால் எழுதியவன் கழுத்துக்கு ஆபத்து. அதனால் எண். எகிப்தின் ஆக்ஸிரிங்கஸில் பழைய குப்பைமேட்டிலிருந்து கிடைத்த ஒரு பாப்பிரஸ் துண்டில் 666க்குப் பதில் 616 என்று இருக்கிறது. அதுவும் பொருந்திப் போகிறது. லத்தீன் உச்சரிப்பில் ‘நெரோ’ என்று எழுதினால் கடைசி ன் விழுந்துவிடும், அதன் மதிப்பு 50. நீரோ கணக்கைப் பல பைபிள் ஆய்வாளர்கள் ஏற்பதற்கு இந்த 616 ஒரு முக்கியமான காரணம். (ஸ்டீவ் ஹாரிஸ் இந்தக் கணக்கையெல்லாம் போட்டிருப்பார் என்று நான் நினைக்கவில்லை. அவருக்கு டேமியனின் தலையே போதும்.)

சரி, பாட்டுக்கு வருவோம். 1982 தொடக்கத்தில் வடமேற்கு லண்டனில் இருந்த பேட்டரி ஸ்டூடியோவில் பதிவு நடந்தது. தயாரிப்பாளர் மார்ட்டின் பிர்ச். டீப் பர்ப்பிள், பிளாக் சபாத் என்ற ராக் குழுக்களின் ஆல்பங்களில் வேலை செய்தவர். குழுவில் பெரிய மாற்றம் நடந்திருந்த நேரம் அது. முதல் இரண்டு ஆல்பங்களில் பாடிய பால் டியான்னோ போய்விட்டார். சாம்சன் என்ற குழுவிலிருந்து புரூஸ் டிக்கின்சன் புதிதாக வந்திருந்தார். டியான்னோவுடையது தெருச்சண்டைக் குரல். டிக்கின்சனுடையது உச்சஸ்தாயியில் எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் நிற்கிற குரல். இந்தப் பாட்டின் நாயகன் முதலில் தனக்குள் முணுமுணுக்க வேண்டும், பிறகு அலற வேண்டும். குரல் மாறாமல் இருந்திருந்தால் இந்தப் பாட்டு இப்படி வந்திருக்காது.

முணுமுணுப்பில்தான் டிக்கின்சன் மாட்டிக்கொண்டார். முதல் சில வரிகளை மைக்குக்குப் பக்கத்தில் நின்று மெதுவாகப் பாட வேண்டும். பிர்ச் திருப்பித் திருப்பிப் பாட வைத்தார். மணிக்கணக்கில் அந்த நான்கு வரிகள்தான். பிளாக் சபாத்தின் ‘ஹெவன் அண்ட் ஹெல்’ பாட்டைப் பதிவு செய்தபோது அதன் பாடகர் ரோனி ஜேம்ஸ் டியோவும் இதே இடத்தில் தவித்ததாகப் பிர்ச் சொன்னாராம். பாட்டின் மொத்த வாழ்க்கையும் முதல் வரியில் தெரிய வேண்டும் என்பது அவருடைய கட்சி. வெறுத்துப்போன டிக்கின்சன் அந்த எரிச்சலையெல்லாம் சேர்த்து முன்னுரை முடிகிற இடத்தில் ஒரு கத்து கத்தினார். ராக் இசையின் புகழ்பெற்ற அலறல்களில் ஒன்றாக இன்றைக்கும் அதைச் சொல்கிறார்கள். கேட்டுப் பாருங்கள், நடிப்பு மாதிரியே இருக்காது. தயாரிப்பாளர்மேல் வந்த கோபம்தான் பிசாசைப் பார்த்த பயமாக நமக்குக் கேட்கிறது.

அலறலுக்கு முன்னால் இசை ஒரு வேலை செய்கிறது. தொடக்க ரிஃப், அதாவது திரும்பத் திரும்ப வருகிற கிதார் துணுக்கு, வழக்கமான நான்கு எண்ணிக்கையில் நடப்பதில்லை, ஐந்தில் நடக்கிறது. தாளம் தெரியாதவருக்கும் அடுத்த அடி எங்கே விழும் என்று ஒரு தடுமாற்றம் இருக்கும். கிதார் ஒற்றையாகப் போகிறது, டிரம்ஸ் ஒதுங்கியே நிற்கிறது. அலறலோடு எல்லாக் கருவிகளும் ஒன்றாக இறங்கும்போது தாளம் நான்குக்கு மாறிவிடுகிறது, கால் தானாகத் தட்ட ஆரம்பிக்கிறது. குழம்பி நிற்கிறவனும் கூட்டத்துக்குள் இழுக்கப்படுகிறவனும் தாளத்திலேயே இருக்கிறார்கள். டிரம்ஸ் வாசித்த கிளைவ் பர்ருக்கு இந்தக் குழுவோடு இதுவே கடைசி ஆல்பம். பாட்டின் வேகம் அவர் கையில்தான் இருக்கிறது.

எல்லாவற்றுக்கும் முன்னால் ஒரு குரல் வசனம் வாசிக்கிறது. அதற்குக் குழு முதலில் விரும்பியது வின்சென்ட் பிரைஸை. ஹாலிவுட் பேய்ப்படங்களின் பழம்பெரும் நடிகர், குரலைக் கேட்டாலே கதவு கிரீச்சிடும். 25,000 பவுண்டுக்குக் குறைந்து வர மாட்டேன் என்று பதில் வந்தது. அவ்வளவு பணம் குழுவிடம் இல்லை. லண்டனின் கேப்பிடல் ரேடியோவில் பேய்க்கதை வாசித்துக்கொண்டிருந்த பேரி கிளேட்டன் என்ற நடிகரைக் கூப்பிட்டார்கள். பிரைஸ் மாதிரியே வாசித்துக் கொடுத்தார். அதே ஆண்டின் கடைசியில் பிரைஸின் அசல் குரல் மைக்கேல் ஜாக்சனின் ‘த்ரில்லர்’ பாட்டில் வந்தது. கிளேட்டன் பின்னாளில் ‘கவுண்ட் டக்குலா’ என்ற சைவ டிராகுலா வாத்து கார்ட்டூனுக்குக் கதைசொல்லியாகக் குரல் கொடுத்தார். குழந்தைகளைச் சிரிக்க வைத்த குரலும் அமெரிக்கப் பாதிரியார்களைப் பதற வைத்த குரலும் ஒன்றுதான்.

கிளேட்டன் வாசிக்கிற வசனத்தில் ஒரு சின்ன விஷயம் இருக்கிறது. அது இரண்டு இடங்களிலிருந்து எடுத்து ஒட்டியது. முதல் பாதி 12ஆம் அதிகாரம் 12ஆம் வசனத்திலிருந்து. மூலத்தில் பிசாசு தனக்குக் கொஞ்சக் காலமே உண்டென்று தெரிந்து, மிகுந்த கோபத்தோடு தானே பூமிக்கு இறங்கி வருகிறது. பாட்டில் பிசாசு மிருகத்தை அனுப்புகிறது. மிருகம் பைபிளில் அடுத்த அதிகாரத்தில்தான் கடலிலிருந்து ஏறி வரும். பாட்டின் தலைப்புக்கு மிருகம் உடனே வேண்டுமே! அதற்காக வசனத்தை வளைத்திருக்கிறார்கள். கொளுத்தியவர்கள் கோபப்படுவதற்கு உருப்படியான இடம் இதுதான். இதைப் பிடித்துச் சண்டை போட்டவர்கள் யாரும் என் கண்ணில் படவில்லை.

பதிவின்போது ஸ்டூடியோவில் விளக்குகள் தானாக எரிந்து அணைந்தன, கருவிகள் காரணமில்லாமல் பழுதாயின என்று குழுவினர் சொல்வதுண்டு. எல்லாவற்றிலும் சுவையானது பிர்ச்சின் கார் கதை. ஒரு மழை நாளில் அவருடைய வண்டி இன்னொரு வண்டியில் மோதியது, அதில் கன்னியாஸ்திரீகள் இருந்தார்கள். வண்டியைச் சரிசெய்து வாங்கப் போனால் பில் 666 பவுண்டு. பதறிப்போன பிர்ச் 667 என்று மாற்றிப் போடச் சொன்னாராம். நடந்ததோ, நடந்ததற்குக் கொஞ்சம் கை கால் வைத்தார்களோ, இதைவிட நல்ல விளம்பரம் காசு கொடுத்தாலும் கிடைக்காது. 666 பற்றிய பாட்டைப் பாடினவர்களே அந்த எண்ணைப் பார்த்துப் பயப்படுகிறார்கள் என்பதுதான் இந்தக் கதையின் அழகு. பாட்டின் நாயகனும் அதே கட்சிதானே.

இனி வீடியோ. 1982 மார்ச்சில் ஆல்பம் வந்து இங்கிலாந்தில் முதலிடம் பிடித்தது. ஏப்ரலில் இந்தப் பாட்டு தனி சிங்கிளாக வந்து 18ஆம் இடம் வரை ஏறியது. பாட்டு வீடியோக்களுக்கென்றே வந்த எம்டிவி சேனல் தொடங்கி ஓராண்டுகூட ஆகாத காலம். பாட்டுக்கு வீடியோ எடுப்பது என்றால் என்ன என்றே பல குழுக்களுக்குத் தெரியாது. இயக்கியவர் டேவிட் மாலெட். டேவிட் போவியின் ‘ஆஷஸ் டு ஆஷஸ்’ வீடியோவில் பங்குண்டு, பிறகு குவீன் குழுவின் ‘ரேடியோ கா கா’வையும் எடுத்தார். இந்த ஆல்பத்தின் முதல் சிங்கிளான ‘ரன் டு த ஹில்ஸ்’ வீடியோவும் அவருடையதுதான். செவ்விந்தியர்கள் கொல்லப்பட்டதைப் பற்றிய அந்தப் பாட்டுக்கு நடுநடுவே பழைய மௌனக் காமெடிப் படத்தின் துண்டுகளை ஒட்டியிருந்தார். கனமான விஷயம், கோமாளித்தனமான படம். உறுத்தும்.

அதே ஒட்டுவேலையை இங்கேயும் செய்தார். குழு மேடையில் வாசிக்கிறது, நடுநடுவே பழைய கறுப்பு வெள்ளைத் திகில் படங்களின் காட்சிகள் வெட்டி வெட்டி வருகின்றன. ஜெர்மன் இயக்குநர் முர்னாவ் 1922இல் எடுத்த ‘நோஸ்ஃபெராட்டு’வின் வழுக்கைத் தலை ரத்தக்காட்டேரி வருகிறது. ஊரை மிதிக்கிற காட்ஜில்லா வருகிறது. தீப்பந்தச் சடங்கைப் புதிதாக எடுத்துக் காட்டவில்லை.  பெரிய செட்டு, ரத்தம், பலிபீடம் எதையும் எதிர்பார்த்து இன்றைக்கு யாராவது அந்த வீடியோவைப் போட்டுப் பார்த்தால் ஏமாந்துபோவார்கள். சிரிக்கவும் செய்வார்கள்.

காசு இல்லாததால்தான் இப்படி எடுத்தார்கள் என்று ஒதுக்கிவிடலாம். ஆனால் எனக்கு இந்த வீடியோ பாட்டை மிகச் சரியாகப் புரிந்துகொண்டதாகத் தோன்றுகிறது. இந்தப் பாட்டு வந்ததே சினிமாவிலிருந்து. ஒருவர் படம் பார்த்தார், படம் கனவானது, கனவு பாட்டானது. பாட்டு வீடியோவானபோது திரும்பவும் படத்துக்கே போகிறது. இதில் வருகிற சாத்தான் எந்தக் கோயிலிலும் குடியிருந்தவன் இல்லை, தியேட்டரில் டிக்கெட் வாங்கி நாம் பார்த்த சாத்தான். காட்ஜில்லாவுக்கும் மாந்திரீகத்துக்கும் என்ன சம்பந்தம்? ஒரு சம்பந்தமும் இல்லை. அதுதான் குறிப்பு. ராத்திரி விளக்கை அணைத்த பிறகு தலைக்குள் வருகிற எல்லாப் பூதங்களுக்கும் அங்கே ஒரே வரிசை, ரத்தக்காட்டேரியும் ராட்சதப் பல்லியும் பிசாசும் சமம். நோஸ்ஃபெராட்டுவைத் தேர்ந்தெடுத்ததிலும் ஒரு பொருத்தம் தற்செயலாக விழுந்திருக்கிறது. டிராகுலா நாவலை அனுமதி வாங்காமல் எடுத்த படம் அது. நாவலை எழுதிய பிராம் ஸ்டோக்கரின் மனைவி வழக்குப் போட்டு ஜெயித்தார், எல்லாப் பிரதிகளையும் அழிக்கச் சொல்லித் தீர்ப்பு வந்தது. தப்பிப் பிழைத்த சில பிரதிகளிலிருந்துதான் இன்றைக்கு நாம் பார்க்கிறோம். அழிக்கச் சொல்லித் தீர்ப்பான படத்தின் துண்டு, கொளுத்தப்பட்ட பாட்டின் வீடியோவில்.

அட்டைப்படத்தைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. வீடியோவைவிட அதிகமாக வம்பு வாங்கியது அதுதான். ஓவியர் டெரிக் ரிக்ஸ். அயர்ன் மெய்டனின் சின்னமான எடி என்ற எலும்பு முக உருவத்தை வரைந்தவரும் அவரே. படத்தில் நரக நெருப்பின் நடுவே சிவப்புச் சாத்தான் நிற்கிறான், அவன் கையில் நூல் கட்டிய ஒரு பொம்மை, அது குட்டி எடி. சாத்தானுக்கு மேலே வானத்தை அடைத்துக்கொண்டு பெரிய எடி. அவன் கையிலிருந்து இறங்குகிற நூல்களில் சாத்தானே பொம்மையாகத் தொங்குகிறான். யார் யாரை ஆட்டுவிக்கிறார்கள் என்ற கேள்விதான் படம். பழைய ‘டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்’ காமிக்ஸ் ஒன்றில் பார்த்ததிலிருந்து இந்த யோசனை வந்ததாக ரிக்ஸ் சொல்லியிருக்கிறார். முதலில் 1981இல் வந்த ‘பர்கெட்டரி’ என்ற சிங்கிளுக்காக வரைந்தது. மேனேஜர் ராட் ஸ்மால்வுட் பார்த்துவிட்டு, இதை ஒரு சிங்கிளுக்கு வீணாக்க வேண்டாம் என்று எடுத்து வைத்துக்கொண்டார். ஆல்பத்துக்கு இதைவிடத் தோதான அட்டை வேறு கிடைத்திருக்காது. சாத்தானைக் கும்பிடுகிறவன் அவனை இன்னொருவன் கைப்பொம்மையாக வரையமாட்டான் என்று ஒரு வாதம் வைக்கலாம். ஆனால் கடைக் கண்ணாடிக்குப் பின்னால் வைத்த அட்டையைத் தெருவில் போகிற ஒரு தாய் பார்த்தால் அவள் கண்ணில் படுவது சிவப்புச் சாத்தானும் 666இன் பெயரும்தான். நூலை யார் பிடித்திருக்கிறார்கள் என்று நின்று பார்க்க அவளுக்கு நேரமேது? அவள் பயத்தை நான் கேலி செய்யமாட்டேன். அதைக் கண்டு ஸ்மால்வுட் ரொம்ப வருத்தப்பட்டிருப்பார் என்றும் நம்பமாட்டேன்.

அமெரிக்காவில் அப்போது காற்றே அப்படித்தான் இருந்தது. சாத்தான் கூட்டங்கள் குழந்தைகளைக் கடத்திச் சடங்கு நடத்துகின்றன என்ற பீதி 1980களின் தொடக்கத்திலிருந்தே பரவியது. கலிஃபோர்னியாவின் மெக்மார்ட்டின் மழலையர் பள்ளி வழக்கு 1983இல் தொடங்கி ஏழு ஆண்டு இழுத்து, ஒருவருக்கும் தண்டனை இல்லாமல் முடிந்தது. 1985இல் வாஷிங்டன் அரசியல்வாதிகளின் மனைவியர் சேர்ந்து, பாட்டு வரிகளுக்கு எச்சரிக்கை முத்திரை வேண்டும் என்று ஓர் அமைப்பைத் தொடங்கினார்கள். பின்னாளில் துணை ஜனாதிபதியான அல் கோரின் மனைவி டிப்பர் கோர் அதன் முன்னணியில் இருந்தார். ஆட்சேபத்துக்குரியவை என்று பதினைந்து பாட்டுகளின் பட்டியல் வெளியிட்டார்கள். பெரும்பாலானவை பாலியல், வன்முறை, போதை என்ற காரணங்களுக்காக. மாந்திரீகம் என்ற காரணத்துக்காக இரண்டே பாட்டுகள். டென்மார்க்கின் மெர்சிஃபுல் ஃபேட் குழுவின் ‘இன்டு த கோவன்’, இங்கிலாந்தின் வெனம் குழுவின் ‘பொஸெஸ்ட்’. மூன்று ஆண்டுக்கு முன்னால் சுத்தியலடி வாங்கிய அயர்ன் மெய்டன் பட்டியலிலேயே இல்லை!

அந்தப் பட்டியலைத் தயாரித்தவர்கள் தெரிந்து செய்தார்களோ தெரியாமல் செய்தார்களோ, இந்த ஒரு விஷயத்தில் வேறுபாட்டைச் சரியாகப் பிடித்துவிட்டார்கள். மெர்சிஃபுல் ஃபேட் பாட்டில் பேசுகிறவன் சடங்குக்குள் நிற்கிறான், ‘உள்ளே வா’ என்று அழைக்கிறான். பாடகர் கிங் டயமண்ட், அமெரிக்காவில் சாத்தான் சபையை நிறுவிய ஆண்டன் லாவேயின் சாத்தானியத் தத்துவத்தில் தனக்கு ஈடுபாடு உண்டென்று வெளிப்படையாகச் சொன்னவர். வெனம் அந்த அளவுக்குப் போகவில்லை. அவர்களுக்கு அது அதிர்ச்சி கொடுக்கிற வேஷம். ஆனாலும் அவர்கள் பாட்டிலும் பேசுவது பிசாசின் கட்சிக்காரன்தான். பிளாக் சபாத் 1970இல் தொடங்கிவைத்த இன்னொரு வழி இருக்கிறது. தன் முன்னால் நிற்கிற கறுப்பு உருவத்தைப் பார்த்து, இது என்ன என்று நடுங்கிக் கடவுளைக் கூப்பிடுகிறவனின் பாட்டு அது. அயர்ன் மெய்டன் இந்த வழியில் வந்தவர்கள். வெளியிலிருந்து பார்த்தால் இரண்டு வழிக்கும் ஒரே கறுப்புச் சட்டை, ஒரே தலைமுடி, ஒரே இரைச்சல்.

குற்றச்சாட்டுக்கு அயர்ன் மெய்டன் கொடுத்த பதில் அறிக்கையாக வரவில்லை, அடுத்த ஆல்பத்தில் வந்தது. 1983இல் வந்த ‘பீஸ் ஆஃப் மைண்ட்’. ராக் பாட்டுகளைப் பின்னோக்கி ஓட்டினால் சாத்தானின் செய்தி கேட்கும் என்று அப்போது ஊரெல்லாம் பேச்சு. கேட்க வேண்டுமா, கேளுங்கள் என்று ‘ஸ்டில் லைஃப்’ பாட்டுக்கு முன்னால் உண்மையிலேயே தலைகீழாக ஒரு பேச்சை வைத்தார்கள். மெனக்கெட்டு ஊசியைப் பின்னால் சுற்றிக் கேட்டவர்களுக்குக் கிடைத்தது என்ன? புதிதாக வந்த டிரம்ஸ்காரர் நிக்கோ மெக்பிரெய்ன், உகாண்டா சர்வாதிகாரி இடி அமீனின் குரலை மிமிக்ரி செய்து, உங்களுக்குப் புரியாத விஷயங்களில் தலையிடாதீர்கள் என்கிறார். கடைசியில் ஒரு ஏப்பம். அதே ஆல்பத்தின் அட்டையில் வெளிப்படுத்தின விசேஷத்தின் 21ஆம் அதிகாரத்திலிருந்து ஒரு வசனத்தையும் போட்டார்கள், இனி வலி இருக்காது என்ற இடத்தில் இனி மூளை இருக்காது என்று ஒரு சொல்லை மாற்றி. அட்டையில் மண்டை திறக்கப்பட்ட எடி.

ஆனால் சிரிப்பு எல்லா ஊரிலும் எடுபடவில்லை. 1992இல் சிலியின் தலைநகர் சாந்தியாகோவில் நடக்கவிருந்த கச்சேரி, கத்தோலிக்கத் திருச்சபையின் எதிர்ப்பால் ரத்தானது. பாட்டு வந்து பத்து ஆண்டு ஆகியிருந்தது, அந்த எண் ஆறவில்லை. நான்கு ஆண்டு கழித்துத்தான் குழு அங்கே போய் வாசிக்க முடிந்தது. இந்தியாவுக்கு அவர்கள் முதலில் வந்தது 2007 மார்ச்சில், பெங்களூரு அரண்மனை மைதானத்துக்கு.

நிக்கோ மெக்பிரெய்ன் 1999இல் அமெரிக்காவின் ஃபுளோரிடாவில் ஒரு தேவாலயத்தில் மனம் திரும்பி, இரட்சிக்கப்பட்ட கிறிஸ்தவரானார். இதை ஒளித்து வைக்கவில்லை, பேட்டிகளில் விரிவாகவே பேசியிருக்கிறார். அதற்காகக் குழுவை விட்டுப் போகவுமில்லை. 2024 டிசம்பரில் கச்சேரிப் பயணங்களிலிருந்து ஓய்வுபெறும் வரை 666 பாட்டுக்கு டிரம்ஸ் வாசிப்பதை நிறுத்தவுமில்லை. 2011 ஏப்ரல் 10 அன்று அயர்ன் மெய்டன் மறுபடியும் சாந்தியாகோவுக்குப் போனது. பத்தொன்பது ஆண்டுக்கு முன்னால் கதவை மூடிய அதே ஊரின் தேசிய ஸ்டேடியத்தில் ஐம்பதாயிரம் பேருக்கு மேல் கூடியிருந்தார்கள். நிகழ்ச்சியைப் படம்பிடித்து அடுத்த ஆண்டு ‘என் விவோ’ என்று வெளியிட்டார்கள். கச்சேரியின் கடைசிப் பகுதியில் விளக்கு அணைந்து பேரி கிளேட்டனின் குரல் ஒலிக்கிறது. ஸ்டேடியம் முழுக்க வசனத்தை அவரோடு சேர்ந்து சொல்கிறது. கிதார் ஐந்தில் தொடங்குகிறது. டிக்கின்சன் அலறியதும் உள்ளே இறங்குகிற டிரம்ஸ், நிக்கோவுடையது.